மஞ்சள் வட்டத்துக்கு வெளியே

மார்ச் 4

அன்புள்ள அக்காவுக்கு,

நானும் உன் தம்பி பெண்டாட்டியும் சௌக்கியம். உன் கழுத்துவலி தேவலையா? தாவரக் காப்பகத்தில் காய்ந்த செடிகளைத் தாளில் ஒட்டி அலமாரியில் அடுக்குவதற்கு இவ்வளவு குனிய வேண்டுமா என்று அவள் கேட்கிறாள். பேருந்து ஓட்டுகிறவள் அல்லவா, உலகத்தில் எல்லோரும் நிமிர்ந்து உட்கார்ந்துதான் வேலை செய்ய வேண்டும் அவளுக்கு.

எங்கள் குடியிருப்புப் பக்கம் தொலைபேசிக் கம்பி இன்னும் எட்டிப் பார்க்கவில்லை. வந்திருந்தாலும் இதைப் போனில் சொல்லியிருக்க முடியாது. உறைக்குள் ஒரு பூ இருக்கிறது, கடல் தாண்டி வந்தும் உதிராமல் இருக்கிறதா பார்.

போன மழை கொஞ்சம் அதிகம். ஈரமெல்லாம் காய்ந்த பிறகு, துணி உலர்த்தப் போனவள் "இங்க ஓடி வாங்களேன்!" என்று கத்தினாள். பாம்பு என்று நினைத்துக் கம்போடு ஓடினேன். பின்வேலி ஓரமாக ஒரே மஞ்சள். கணுக்கால் உயரம்கூட வராத செடி, சட்டைப் பொத்தான் அளவு பூ. கயிறு பிடித்து விதைத்த மாதிரி ஒரே கோடு. வேலியை ஒட்டி வளைந்துபோய், விளையாட்டுத் திடலைக் கடந்து, அந்தப் பக்கத் தெருவுக்குப் பின்னால் சுற்றிக்கொண்டு திரும்பவும் எங்கள் வேலிக்கே வருகிறது.

வேலிக்கு அந்தப் பக்கம் ரேடியோக்காரர் வீடு. ரேடியோ, ஒலிபெருக்கி எல்லாம் பழுது பார்ப்பவர். எங்கள் குடியிருப்போர் சங்கத்தின் செயலாளர். நான் சொல்லித்தான் இங்கே வீடு வாங்கினார். "இத சங்கத்தோட சாதனைன்னு மைக்ல சொல்லிடலாமா?" என்கிறார். அவர் மனைவி தையற்காரம்மா, இதே நிறத்தில் துணி கிடைக்குமா என்று பூவைக் கையில் வைத்துக்கொண்டு அலைகிறார்.

இந்தப் பூவின் பேர் என்ன என்று எழுது.

உன் தம்பி


மார்ச் 26

என் தம்பிக்கு,

உங்கள் இருவர் சுகத்தையும் தினமும் நினைத்துக்கொள்கிறேன். கழுத்துவலி பறந்துவிட்டது. முந்தாநாள் உன் உறையைப் பிரித்ததிலிருந்து எனக்குக் கழுத்து இருப்பதே ஞாபகம் இல்லை.

அந்தப் பூவை உருப்பெருக்கியின் கீழே வைத்தேன். பார்த்தேன். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தேன். பிறகு எங்கள் இயக்குநர் அறைக்கு ஓடினேன். கதவைத் தட்டக்கூட இல்லை. அவர் வந்து பார்த்துவிட்டு, பக்கத்தில் இருந்த நாற்காலியைத் தடவிப் பிடித்து உட்கார்ந்தார்.

தம்பி, இந்தச் செடி அழிந்தே போய்விட்டது என்று எழுதி முடித்துவிட்டார்கள். கடைசியாக இதைப் பறித்தது நாற்பத்தொரு வருடத்துக்கு முன்னால். சூரியகாந்திக் குடும்பம். நீ ஒரு பூ என்று அனுப்பியது ஒரு பூ இல்லை. நடுவில் இருக்கும் பொட்டில் மட்டும் நாற்பது குட்டிப் பூக்கள் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கின்றன.

சந்தோஷத்தில் இரண்டு நாள் திண்டாடிவிட்டு, இப்போதுதான் ஒன்று உறைத்தது. இந்தச் செடி வேறெங்கும் வளராது. மழைக்காலத்தில் மாதக்கணக்கில் தண்ணீர் நின்று, வெயிலில் சுண்டிப்போகும் பள்ளங்களில் மட்டும்தான். தண்ணீர் வற்றும்போது கரையோரமாக வட்டமாய்ப் பூக்கும். நீ கோடு என்று எழுதியிருக்கிறாயே, அது தண்ணீரின் விளிம்பு.

மேட்டு நிலம் என்றுதானே நீ சொன்னாய்? உன் வீடு அந்த வட்டத்துக்கு உள்ளேயா, வெளியேயா? நீயே மண் பரிசோதனை செய்கிறவன். அந்த இடத்தின் மண்ணை யார் பார்த்தது என்று விசாரித்து எழுது.

அக்கா


ஏப்ரல் 24

அன்புள்ள அக்காவுக்கு,

சுகம். நீயும் சுகம்தானே? உன் கடிதத்தை அவள் நாலு பேருக்கு வாசித்துக் காட்டிவிட்டாள். ரேடியோக்காரர் உண்மையாகவே ஒலிபெருக்கியைக் கட்டி, "நமது குடியிருப்பில் உலகப் புகழ் பெற்ற பூ" என்று அறிவித்தார். "உலகம்னா எது, உங்க கடை வாசலா?" என்று தையற்காரம்மா உள்ளேயிருந்து கேட்டது மைக்கில் தெளிவாக விழுந்தது. தெருவே சிரித்தது.

பூவெல்லாம் காய்ந்துவிட்டது. விதை சேகரித்து வைத்திருக்கிறேன். இந்த உறையில் பாதி இருக்கிறது. குடியிருப்பின் வரைபடமும் வைத்திருக்கிறேன், உன் இயக்குநருக்குப் பயன்படும்.

கவலைப்படாதே. இங்கே நாலடி மண் கொட்டி மேடாக்கித்தான் கட்டினார்கள். பள்ளத்து மேல்மண்ணைச் சுரண்டி ஓரமாகப் போட்டுவிட்டு அதையே திரும்பப் பரப்பியிருப்பார்கள். விதை அதிலிருந்து வந்திருக்கும். மூன்று வருடமாக எந்த வீட்டிலும் ஒரு விரிசல் கிடையாது.

வெயில் கொளுத்துகிறது. உடம்பைப் பார்த்துக்கொள்.

தம்பி


மே 16

தம்பிக்கு,

எல்லோரும் நலமாக இருக்க வேண்டும் என்பதே என் நினைப்பு. விதை பத்திரமாக வந்து சேர்ந்தது.

நான் இரண்டு கேள்வி கேட்டேன். நீ இரண்டுக்கும் பதில் எழுதவில்லை. சின்ன வயதில் பல் துலக்கினாயா என்று கேட்டால் காக்கா கத்துகிறது என்பாயே, அந்த மாதிரி எழுதியிருக்கிறாய்.

நாற்பத்தொரு வருடத்துக்கு முந்தைய தாளைத் தேடி எடுத்தேன். செடி பழுப்பாகிவிட்டது. மூலையில் சேகரித்தவரின் கையெழுத்து: "மழைக்காலப் பள்ளத்தின் விளிம்பில் பறித்தது. பள்ளத்தின் நடுவில், போன மழையில், ஆள் மட்டம் தண்ணீர் நின்றதாக ஆடு மேய்ப்பவர் சொன்னார்." கீழே பென்சிலில் ஒரு படம். அதை உன் வரைபடத்தின் மேல் வைத்து வெளிச்சத்தில் பிடித்தேன். இரண்டிலும் அதே பாறை, அதே ஓடைத் திருப்பம். வட்டத்துக்குள்ளே இருபதுக்கு மேல் வீடுகள்.

ஆள் மட்டம், தம்பி. நாலடி மண் எந்த மூலைக்கு?

உடனே பதில் எழுது.

அக்கா


ஜூன் 14

அன்புள்ள அண்ணிக்கு,

வணக்கம். உடம்பு எப்படி இருக்கிறது? உங்கள் தம்பி எழுதுவார் எழுதுவார் என்று பார்த்தேன். பேனாவைத் திறக்கிறார், மூடுகிறார். கேட்டால் வேலை அதிகம் என்கிறார். சாப்பாடும் சரியாக இல்லை. உங்கள் கடைசிக் கடிதத்தை எனக்குக் காட்டவும் இல்லை. அக்காவுக்கும் தம்பிக்கும் ஏதோ ரகசியம் போலிருக்கிறது, நான் நடுவில் வரவில்லை.

நீங்கள் முன்பு கேட்டிருந்ததற்கு நான் பதில் சொல்கிறேன். விடுமுறை நாளில் தையற்காரம்மாவும் நானும் காய்ந்த செடிகளைப் பார்த்துக்கொண்டே வட்டத்தைச் சுற்றி நடந்து எண்ணினோம். உள்ளே இருபத்தாறு வீடு. வெளியே ஐந்து. நம் வீடு வெளியே, வேலிதான் எல்லை. தையற்காரம்மா வீடு உள்ளே. "நீ கரையில இருக்க, நான் குளத்துல இருக்கேன், தண்ணி வந்தா கைகொடுத்துத் தூக்கிவிடு" என்று ஒரே சிரிப்பு.

நமக்கு நல்ல இடமாக அமைந்தது உங்கள் தம்பியால்தான். குடியிருப்பைக் கட்டினவர்கள் முன்வரிசையில் பெரிய மனை கொடுக்கிறோம் என்றார்கள். எனக்கும் அதில்தான் ஆசை. இவர் இந்த மூலை மனைதான் வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றார். காரணம் கேட்டதற்குக் காற்று நன்றாக வரும் என்றார். காற்று ஒன்றும் அப்படி வரவில்லை.

நீங்கள் ஒரு தரம் வந்து பத்து நாள் இருந்துவிட்டுப் போங்கள்.

அன்புடன்,
உங்கள் தம்பி மனைவி


ஜூலை 5

தம்பி,

இதை உன் அலுவலக முகவரிக்கு அனுப்புகிறேன். ஏன் என்று உனக்குத் தெரியும்.

உன் மனைவியின் கடிதத்தைச் சாப்பிட்டுக்கொண்டே படித்தேன். மூலை மனை என்ற இடம் வந்தபோது கை அப்படியே நின்றுவிட்டது. பக்கத்து மேசைக்காரி என்னைத் தொட்டு, "என்ன ஆச்சு, யாருக்காவது ஏதாவது ஆயிடுச்சா?" என்று கேட்டாள். இல்லை என்று தலையாட்டினேன்.

உனக்கு முன்பே தெரியும். வீடு கட்டுவதற்கு முன்பே தெரியும். அந்த மண்ணைப் பார்த்தவன் நீ.

இல்லை என்று ஒரே ஒரு வரி எழுது. காலில் விழுந்து மன்னிப்புக் கேட்கிறேன்.

அக்கா


ஆகஸ்ட் 3

அக்கா,

நீ நலமா என்று கேட்க வாய் வரவில்லை.

நான்தான்.

நல்ல கோடை. தரை பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. ஆறு துளை போட்டேன். மூன்றாவதிலும் நாலாவதிலும் சாம்பல் நிறக் களிமண் வந்தது, நடுநடுவே துருப்பிடித்த மாதிரி செம்புள்ளி. தண்ணீர் மாதக்கணக்கில் நின்றால்தான் மண் அப்படி ஆகும், முதல் வருடப் பாடம் அது. அப்படியே அறிக்கை எழுதிக் கொடுத்தேன். முதலாளி திருப்பிக் கொடுத்தார். திட்டவில்லை. "துளை போட்ட இடம் சரியில்லப்பா. அந்தப் பாறை ஓரமா மேடா இருக்கு பாரு, அங்க போடு" என்றார். போட்டேன். காய்ந்த மண் வந்தது. உலர்ந்த நிலம் என்று எழுதினேன்.

நான் பொய் எழுதவில்லை அக்கா. துளை போட்ட இடத்தை மட்டும் மாற்றினேன். இதை எனக்கு நானே எத்தனை முறை சொல்லிக்கொண்டேன் தெரியுமா?

நாலடி மண் கொட்டுவதைப் பார்த்ததும் மனம் சமாதானமாகிவிட்டது. ஆனால் மனை தேர்ந்தெடுக்கச் சொன்னபோது கை தானாக மூலையைத் தொட்டது. அப்போதுதான் என் சமாதானம் எவ்வளவு என்று எனக்கே தெரிந்தது. ரேடியோக்காரர் "உங்க பக்கத்துல இருக்கணும், எந்த மனை எடுக்கலாம்?" என்று கேட்டார். வேலிக்கு அந்தப் பக்கத்தைக் காட்டினேன். வெளியே வேறு மனை மிச்சம் இல்லை.

அவளிடம் சொல்லிவிடாதே. மூன்று வருடம் தாங்கியது, இனியும் தாங்கும்.

தம்பி


ஆகஸ்ட் 24

தம்பி,

உடம்பைக் கவனித்துக்கொள். இதை எழுதும்போதும் அதைத்தான் முதலில் எழுத வருகிறது.

அம்மா போன பிறகு உனக்குச் சட்டை மாட்டிவிட்டவள் நான். நீ அடுத்த வீட்டுக் கண்ணாடியை உடைத்தபோது நான் உடைத்தேன் என்று போய் அடி வாங்கினேன். அன்றைக்கே உண்மையைச் சொல்ல உன்னை அனுப்பியிருக்க வேண்டும்.

மழை அக்டோபரில். இது உன் கையில் செப்டம்பர் நடுவில் கிடைக்கும். கிடைத்த அன்றே ரேடியோக்காரரைக் கூப்பிட்டுச் சொல். நீ சொன்னாலும் சொல்லாவிட்டாலும், செப்டம்பர் 16ஆம் தேதி நான் உங்கள் சங்கத்துக்கு எழுதுவேன். பழைய தாளின் நகலும் வைப்பேன்.

அக்கா


அக்டோபர் 9

தம்பி,

ஒன்றரை மாதமாக உன்னிடமிருந்து ஒன்றும் இல்லை. தபால்காரர் வரும் நேரத்தில் வாசலில் நிற்கிறேன்.

சங்கச் செயலாளருக்கு எழுதிய கடிதத்தைத் தபாலில் சேர்த்துவிட்டேன். இரண்டு பேரும் பத்திரமாக இருங்கள்.

அக்கா


நவம்பர் 4

அண்ணிக்கு,

நாங்கள் இருவரும் உயிரோடு இருக்கிறோம். முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன்.

அக்டோபர் 10ஆம் தேதி பிடித்த மழை மூன்று நாள் விடவில்லை. 12ஆம் தேதி காலை பத்தரை இருக்கும், சந்தை நிறுத்தத்தைத் தாண்டி வண்டி ஓட்டிக்கொண்டிருந்தேன். நடு ரோட்டில் ஒரு ஆள் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நிற்கிறான். கையால் சாடை காட்டுகிறேன், நகரவில்லை. கிட்டத்தில் போனால் உங்கள் தம்பி. செருப்பு இல்லை, முழங்கால் வரை சேறு.

ஏறி வந்து, "வண்டியத் திருப்பு. வீட்டுக்கெல்லாம் தண்ணி வரப்போகுது" என்றார்.

"நாப்பது பேரு உக்காந்திருக்காங்க. என்ன பேசறீங்க நீங்க?"

"அது குளம். தெரிஞ்சேதான் காஞ்ச நிலம்னு எழுதிக் கொடுத்தேன். நான்தான். திருப்பு!"

நாற்பது பேருக்கு முன்னால்தான் எனக்கு விஷயம் தெரிந்தது அண்ணி. என் காதில் விழுந்தது, தலைக்குள் போகவில்லை. வைப்பர் இரண்டு முறை போய் வந்ததை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து ஒரு அம்மா, "நாங்க இறங்கிக்கறோம், நீ போம்மா" என்றார். எல்லோரும் இறங்கினார்கள். திருப்பினேன்.

தண்ணீர் மேலேயிருந்து வரவில்லை. கீழேயிருந்து வந்தது. வட்டத்துக்குள் இருந்த வீடுகளில், கூடத்துத் தரையில் பதித்த கல் ஒவ்வொன்றாகத் தூக்கிக்கொண்டு, இடுக்கில் குமிழ் விட்டது. இவர் வீடு வீடாக ஓடிக் கதவைத் தட்டி, அதே வார்த்தையைத்தான் சொன்னார்: "நான்தான் மாத்தி எழுதினேன், வெளிய வாங்க." ஒருவர் அறைந்தார். அறைந்துவிட்டுக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வண்டியில் ஏறினார். முதல் நடையில் எழுபது பேரை ஏற்றினேன். தையற்காரம்மா அதில் வந்துவிட்டார்.

ரேடியோக்காரர் வரவில்லை. அவர் வாசலில் நின்று இவரைக் கேட்டது எனக்கு வண்டியிலிருந்தே கேட்டது. "அன்னிக்கு காஞ்ச நிலம்னு எழுதினதும் நீதான், இன்னிக்கு குளம்னு கத்தறதும் நீதான். எந்த உன்னை நான் நம்பறது?" இன்னும் ஒன்பது வீடு பாக்கி இருந்தது, இவர் அடுத்த கதவுக்கு ஓடினார். ரேடியோக்காரரோ ரேடியோக்களைப் பரண்மேல் ஏற்ற உள்ளே போய்விட்டார்.

மூன்றாவது நடைக்கு நான் திரும்பும்போது கொட்டின மண் சரிந்து, அந்த வரிசையின் பின்சுவர் முழுக்க விழுந்திருந்தது. தண்ணீர் மார்பளவு. ரேடியோக்காரரின் உடலை மறுநாள்தான் எடுத்தார்கள்.

என்னை வேலையிலிருந்து நிறுத்தி வைத்திருக்கிறார்கள், பாதை மாறி ஓட்டியதற்கு. உங்கள் தம்பி எல்லாவற்றையும் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டார். விசாரணை பிப்ரவரியில். நான் அவரோடு ஒரே வீட்டில்தான் இருக்கிறேன். சோற்றை வைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறேன். முன்னறையில் தையற்காரம்மா இருக்கிறார், அவருக்கு வேறு போக்கிடம் இல்லை.

இன்னொன்று. அக்டோபர் 30ஆம் தேதி ரேடியோக்காரர் பேருக்கு நீங்கள் அனுப்பிய கடிதம் வந்தது. தையற்காரம்மா பிரித்துப் படித்தார். திரும்பத் திரும்பப் படித்தார். பிறகு என்னிடம் கொண்டுவந்து காட்டி, "உள்ள தேதி செப்டம்பர் பதினாறு. உறைமேல முத்திரை அக்டோபர் ஒன்பது. நடுவுல இது எங்க இருந்துச்சு?" என்று கேட்டார்.

நான் என்ன சொல்லட்டும் அண்ணி?

உங்கள் தம்பி மனைவி


நவம்பர் 26

தையற்காரம்மாவுக்கு,

உங்களை நான் பார்த்ததில்லை. எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்கும் உரிமை எனக்கு இல்லை. ஆனாலும் கேட்காமல் எழுத முடியவில்லை.

நீங்கள் கேட்டதற்குப் பதில்: என் மேசை இழுப்பறையில் இருந்தது.

சொன்னபடி செப்டம்பர் 16ஆம் தேதி எழுதினேன். உறையில் போட்டு ஒட்டினேன். தபால்பெட்டி வரை போனேன். இது போய்ச் சேர்ந்தால் தம்பிக்கு வேலை போகும், சிறை என்றுகூட ஆகலாம் என்று தோன்றியது. அவன் தானாகச் சொல்ல ஒரு நாள் கொடுப்போம் என்று திரும்பி வந்தேன். மறுநாளும் அப்படியே. இருபத்து மூன்று நாள். அவனுக்குக் கெடு வைத்தவள் நான், அதை மீறியவளும் நான். அவனுக்கு எழுதும்போதுகூட என்றைக்குத் தபாலில் சேர்த்தேன் என்று சொல்லவில்லை. படிப்பவர்கள் 16ஆம் தேதியே போட்டதாக நினைத்துக்கொள்ளட்டும் என்றுதான்.

எங்கள் ஊரிலிருந்து கடிதம் வர மூன்று வாரம் ஆகும். அன்றே போட்டிருந்தால் அக்டோபர் 7ஆம் தேதி அவர் கையில் இருந்திருக்கும். ஐந்து நாள் முன்னால். என் தம்பியை நம்பாதவர், அச்சடித்த முகவரியும் அலுவலக முத்திரையும் உள்ள தாளை நம்பியிருப்பார்.

நான் யாரிடமும் இதைச் சொல்லவில்லை. முதலில் உங்களிடம் சொல்கிறேன். விசாரணைக்கு வந்து அங்கேயும் சொல்கிறேன். கப்பலுக்குச் சீட்டு எழுதிவிட்டேன்.

அவனுடைய அக்கா


டிசம்பர் 18

அக்கா அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. வெள்ளத்துக்குப் பிறகு எனக்கு வந்த காய்ச்சல் விட்டுவிட்டது. இங்கே மழையும் விட்டுவிட்டது. உங்கள் பயணத்தில் உடம்புக்கு எதுவும் வராமல் வந்து சேருங்கள்.

உங்கள் தம்பி என் எதிரில் வருவதில்லை. வந்தால் கேட்க ஒரு கேள்விதான் இருந்தது. நேற்று நானே கூப்பிட்டுக் கேட்டேன். "எந்த உன்னை நம்பறதுன்னு அவரு கேட்டாரே, ஒரு நிமிஷம் நின்னு கையப் பிடிச்சு இழுத்திருக்கக் கூடாதா?" அவர் தரையைப் பார்த்துக்கொண்டே, "இழுத்திருக்கலாம்மா" என்றார். அதற்குமேல் நானும் கேட்கவில்லை, அவரும் போகவில்லை.

உங்களைத் திட்டி எழுத வேண்டும் என்று மூன்று தாள் கிழித்துப் போட்டேன். கடைசியில் இதுதான் எழுத வருகிறது.

விசாரணை பிப்ரவரி 20, காலை பத்து மணி. குடியிருப்பு ஆட்கள் எல்லோரும் வருவார்கள். அவர் பேருக்கு நீங்கள் எழுதிய அந்தக் கடிதத்தை நான் வாசித்தால் பாதியில் குரல் போய்விடும். அவர் இருந்திருந்தால் வந்த அன்றே ஒலிபெருக்கியைக் கட்டித் தெரு முழுக்கக் கேட்கும்படி வாசித்திருப்பார். இப்போது நீங்கள்தான் வாசிக்க வேண்டும். எழுந்து நின்று, உரக்க வாசியுங்கள்.

தேதியிலிருந்து தொடங்குங்கள்.

இப்படிக்கு,
தையற்காரி